திறக்கும் முன் தெரிய வேண்டியவை: கிள்ளான் பள்ளத்தாக்குத் தமிழ் வாசகரும் இயங்கலை நூலகங்களின் முன்னோட்டமும்

இயங்கலை நூலகம் ஒன்றில் உள்ள கோப்பை முழுமையாகப் பதிவிறக்கம் செய்யாமலேயே, அதன் அட்டை, தலைப்புப் பக்கம், பொருளடக்கம், ஓரிரு உட்பக்கங்கள் ஆகியவற்றைத் திரையில் பார்த்து, அக்கோப்பு தமக்குப் பயன்படுமா என்பதை வாசகர் முடிவு செய்துகொள்ள உதவும் வசதி முன்னோட்டம் எனப்படுகிறது. கோலாலம்பூரிலும் அதைச் சூழ்ந்த கிள்ளான் பள்ளத்தாக்கிலும் தமிழ் ஆவணங்களைத் தேடுவோருக்கு இவ்வசதி மற்றவர்களைவிடச் சற்றுக் கூடுதலாகவே தேவைப்படுகிறது. ஏனெனில் மலேசியத் தமிழர் வாழ்வு குறித்த அச்சுப் பொருள்கள் ஒரே நூலகத்தில் குவிந்திருக்கவில்லை. மலாயாப் பல்கலைக்கழகம், தேசிய நூலகம், தேசிய ஆவணக் காப்பகம், சிங்கப்பூர்த் தேசிய நூலக வாரியம், சென்னையின் தமிழ் இணையக் கல்விக்கழகம், ஈழத்தவர் நடத்தும் நூலகம் திட்டம், அமெரிக்காவின் இணைய ஆவணகம் எனப் பல இடங்களில் அவை சிதறிக் கிடக்க, கிள்ளானில் ஓர் ஆலயத்தின் வரலாற்றை எழுத முனைபவர் இவை அனைத்தையும் ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்க்க வேண்டியிருக்கிறது. முன்னோட்டம் மென்பொருள் வல்லுநர் கவனிக்க வேண்டிய விவகாரம் என்றே பொதுவாகக் கருதப்படுகிறது. ஆனால் தமிழ்க் கோப்புகளைப் பொறுத்தவரை, வாசகரின் நேரத்தை மிச்சப்படுத்துவது திரையில் தோன்றும் சிறுபடத்தைக் காட்டிலும், அதன் அருகே ஒரு நூலகர் தட்டச்சு செய்து வைத்திருக்கும் சில வரிகளே என்பது இந்நூலகங்களை ஒப்பிட்டுப் பார்க்கையில் புலனாகிறது.

கணினிக்கு முந்திய காலத்திலும் முன்னோட்டம் இருந்தது. திறந்த அடுக்குகள் உள்ள நூலகத்தில் வாசகர் நூலை எடுத்துப் புரட்டிப் பார்த்தார்; மூடிய அடுக்குகள் உள்ள இடத்தில் பட்டியல் அட்டையைப் படித்து, எந்நூலைக் கேட்டு வாங்குவது என்று தீர்மானித்தார். மலாயாப் பல்கலைக்கழகத்தில் 1956இல் தோன்றிய இந்திய ஆய்வியல் துறையும், 1966 ஏப்ரலில் கோலாலம்பூரில் நடைபெற்ற முதலாவது அனைத்துலகத் தமிழாராய்ச்சி மாநாடும் இந்நாட்டில் தமிழ் நூல்களைத் திரட்டுவதற்கான சூழலை உருவாக்கின. அச்சூழலில் இராம. சுப்பையா தொகுத்து, 1969இல் மலாயாப் பல்கலைக்கழக நூலகம் வெளியிட்ட ‘தமிழ் மலேசியானா’, மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் வெளிவந்த தமிழ் நூல்கள், இதழ்களின் பட்டியலாகும். ஒரு நூலைக் கண்ணால் காணும் முன்பே அதன் ஆசிரியர், வெளியிடம், ஆண்டு ஆகியவற்றை அறிந்து, அதைத் தேடிச் செல்வதா வேண்டாமா என்று முடிவெடுக்கும் வாய்ப்பை வாசகருக்கு அளித்த இத்தகைய பட்டியல், திரையில்லாத முன்னோட்டமாகவே செயல்பட்டது. இன்றைய சில இயங்கலைத் தொகுப்புகள் அவ்வளவு தகவலைக்கூடத் தராமல் அட்டைப் படத்தை மட்டும் காட்டி நின்றுவிடுகின்றன.

நேரச் செலவு எங்கே நிகழ்கிறது என்பதைக் கணக்கிட்டுப் பார்ப்பது பயனுடையது. ஐந்தரை அங்குல அகலமும் எட்டரை அங்குல உயரமும் கொண்ட பக்கத்தை அங்குலத்துக்கு 300 புள்ளிகள் என்ற செறிவில் வருடினால் ஏறத்தாழ 42 இலட்சம் புள்ளிகள் கிடைக்கின்றன. சாம்பல் நிறச் சாயலில் புள்ளிக்கு ஒரு பைட்டு வீதம் ஒரு பக்கம் நான்கு மெகாபைட்டைத் தாண்டிவிடும். 200 பக்க நூலைப் பத்தில் ஒரு பங்காகச் சுருக்கினாலும் கோப்பு 84 மெகாபைட்டு அளவில் நிற்கும். வினாடிக்கு 10 மெகாபிட் வேகமுள்ள இணைப்பில் அது ஒரு நிமிடத்துக்குச் சற்று மேலும், திறன்பேசியின் வேகம் 2 மெகாபிட்டாகக் குறைந்துவிட்ட வேளையில் ஐந்தரை நிமிடமும் எடுத்துக்கொள்கிறது. அதே நூலின் 200 பக்கங்களையும் 10 கிலோபைட்டுச் சிறுபடங்களாகக் காட்டினால் மொத்தம் 2 மெகாபைட்டுதான். இவ்வேறுபாடு ஒரு நூலுக்குச் சிறிதாகத் தோன்றலாம். ஒரு மாலைப் பொழுதில் முப்பது கோப்புகளைத் திறந்து, அவற்றுள் இரண்டை மட்டும் வைத்துக்கொள்ளும் ஆய்வு மாணவருக்கு அது சிறிதன்று.

கோப்பின் உள்ளமைப்பும் இதில் பங்கு வகிக்கிறது. அடோபி நிறுவனம் 1993இல் அறிமுகப்படுத்திய பி.டி.எப். வடிவத்தில், எந்தப் பொருள் கோப்பின் எந்த இடத்தில் உள்ளது என்பதைச் சொல்லும் அட்டவணை கோப்பின் இறுதியில் அமைகிறது. ஆகவே எளிய வகைப் படிப்பான், கோப்பு முழுவதும் வந்து சேரும் வரை முதற்பக்கத்தைக்கூடக் காட்ட இயலாமல் காத்திருக்கும். இக்குறையை நீக்கும் பொருட்டு, முதற்பக்கத்துக்கு வேண்டியவற்றைக் கோப்பின் தொடக்கத்திலேயே அடுக்கிவைக்கும் முறை 1996 அளவில் நடைமுறைக்கு வந்தது. 1997இல் வகுக்கப்பட்ட எச்.டி.டி.பி. 1.1 நெறிமுறை, ஒரு கோப்பின் குறிப்பிட்ட பகுதியை மட்டும் கேட்டுப் பெறும் வழியை உலாவிகளுக்கு அளித்தது. பின்னர் 2013இல் பயர்பாக்ஸ் உலாவி தனிச் செயலியின் துணையின்றியே பி.டி.எப். கோப்பைத் திறக்கத் தொடங்கியதும், நூலகங்கள் தம் பக்கப் படங்களை ஒரே பொதுமுறையில் வழங்குவதற்கான ‘ட்ரிபிள் ஐ எப்’ என்னும் கட்டமைப்பு அதே காலப்பகுதியில் பரவியதும் முன்னோட்டத்தை எளிதாக்கின. எனவே தொழில்நுட்பம் இல்லை என்று இன்று எந்த நூலகமும் சொல்லிவிட இயலாது. வருடி முடித்த கோப்பை முதற்பக்கம் முந்தி வரும்படி மறுபடி சேமிப்பது ஒரு சொடுக்கில் முடியும் வேலை.

இதற்கு மாறான நிலையை இந்திய மின்னூலகத் திட்டத்தின் தமிழ் நூல்களில் காணலாம். இந்திய அறிவியல் கழகமும் அமெரிக்காவின் கார்னகி மெலன் பல்கலைக்கழகமும் தொடர்புற்றிருந்த அத்திட்டம், நூல்களைப் பக்கத்துக்கு ஒரு டிஃப் படம் என்ற முறையில் வழங்கியது. அப்படங்களைக் காண உலாவியில் தனி நீட்சியை நிறுவ வேண்டியிருந்தது. பிற்காலத்தில் அந்நூல்களின் படிகள் இணைய ஆவணகத்தில் ஏற்றப்பட்ட பின்னர், பக்கங்களைப் புரட்டும் வசதி கிடைத்தது. எனினும் தலைப்புகள் உரோமன் எழுத்தில், நெடில் குறில் வேறுபாடும் லகர ளகர ழகர வேறுபாடும் இன்றிப் பதியப்பட்டிருந்ததால், தேடியவருக்கு எந்நூல் எதுவென்று தலைப்பைக் கொண்டு விளங்கவில்லை. அத்துடன் பழைய நூல்கள் பல நூலகக் கட்டுமானத்தில் தடித்த பழுப்பு அட்டையுடன் கட்டப்பட்டவை. அவற்றின் முதற்படத்தைச் சிறுபடமாகக் காட்டினால் ஒரே மாதிரியான பழுப்புச் சதுரங்களே வரிசையாக நிற்கும். புரட்டும் வசதி நன்றாக இருந்தும் புரட்ட வேண்டிய நூலைத் தேர்ந்தெடுக்க முடியாத நிலை இது.

நூலகம் திட்டத்தின் வழி வேறு. ஈழத்தவர் 2005இல் தொடங்கிய இத்திட்டத்தில் ஒவ்வொரு வெளியீட்டுக்கும் ஒரு பக்கம் உண்டு. அப்பக்கத்தில் அட்டையின் சிறுபடம், நூலக எண், ஆசிரியர், வெளியீட்டாளர், வெளியீட்டாண்டு, பக்க எண்ணிக்கை ஆகியவை ஒரு பெட்டியில் இடம்பெற, அதற்கு அருகில் கோப்புக்கான இணைப்பும், அடைப்புக்குறிக்குள் அக்கோப்பின் மெகாபைட்டு அளவும் தரப்படுகின்றன. இதழாக இருப்பின், பல பதிவுகளில் அவ்விதழில் உள்ள கட்டுரைத் தலைப்புகள் எழுதியவர் பெயருடன் கீழே வரிசையாகத் தட்டச்சு செய்யப்பட்டுள்ளன. பார்வைக்கு எளிமையான இப்பக்கம், நவீன முன்னோட்டக் கருவி எதையும் விட அதிகம் சொல்கிறது. வாசகர் கோப்பைத் தொடாமலேயே அதன் அளவை அறிகிறார், உள்ளடக்கத்தை அறிகிறார், தேடுபொறியும் அத்தலைப்புகளைக் கண்டுகொள்கிறது. கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸ் வட்டாரத்துக்கு இத்திட்டம் அயலானதும் அன்று. பிரிட்டிஷ் ஆட்சியில் இரயில்வேயிலும் அரசு அலுவலகங்களிலும் எழுத்தர்களாகப் பணியாற்ற யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர்கள் பிரிக்பீல்ட்ஸிலும் அதனை அடுத்த பகுதிகளிலும் வாழ்ந்தனர். ஓய்வுக்குப் பின் ஊர் திரும்பியவர்களை யாழ்ப்பாணத்தார் ‘மலாயன் பென்சனியர்’ என்று அழைத்தனர். அக்குடும்பங்களின் வரலாற்றைத் தேடுவோருக்கு யாழ்ப்பாணத்து ஊர் மலர்களும் பள்ளி மலர்களும் அடிப்படைச் சான்றுகள் ஆகின்றன.

மலர் என்னும் வகையே முன்னோட்டத்தின் மிகக் கடினமான சோதனை ஆகும். கும்பாபிஷேக மலர், பள்ளி வெள்ளிவிழா மலர், சங்கத்தின் ஆண்டு மலர், மாநாட்டு மலர் எனப் பல பெயர்களில் கிள்ளான் பள்ளத்தாக்கில் வெளிவந்துள்ள இவை, பெரும்பாலும் விற்பனைக்கென அச்சிடப்படாமல் விழாவில் வழங்கப்பட்டு, வீட்டு அலமாரிகளில் தங்கிவிட்டவை. தோட்டங்கள் துண்டாடப்பட்டும் வீடமைப்புப் பகுதிகளாக மாறியும் போன பின்னர், அங்கிருந்த பள்ளிகளையும் ஆலயங்களையும் பற்றிய செய்திகள் இம்மலர்களைத் தவிர வேறெங்கும் அச்சில் இல்லாமல் போகும் நிலை அரிதன்று. இத்தகைய மலரின் அமைப்பை நோக்கினால், முதற்பக்கங்களில் அமைச்சர்களின் வாழ்த்துச் செய்திகளும் தலைவர் உரையும் செயலாளர் உரையும் நன்கொடையாளர் பட்டியலும் நிரம்பியிருக்க, ஆலயத்தின் தொடக்க காலத்தை நினைவிலிருந்து எழுதிய முதியவரின் கட்டுரை நகைக்கடை விளம்பரத்துக்கும் அச்சக விளம்பரத்துக்கும் நடுவில் எங்கோ நிற்கும். பொருளடக்கமே இல்லாத மலர்களும் உண்டு. ஆகவே கோப்பின் முதல் பத்துப் பக்கங்களைத் தானாகக் காட்டும் முன்னோட்டம், மலரைப் பொறுத்தவரை வாழ்த்துரைகளை மட்டும் காட்டி வாசகரைத் திருப்பி அனுப்பிவிடுகிறது. ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்னும் வழக்கு நாவலுக்குப் பொருந்தலாம், மலருக்குப் பொருந்தாது. இங்கே நூலகர் மலரைப் பக்கம் பக்கமாகப் பார்த்து, கட்டுரைகளின் தலைப்பையும் பக்க எண்ணையும் எழுதிவைப்பதைத் தவிர வேறு வழியில்லை. விளம்பரங்களையும் ஒரு வரியில் குறித்து வைத்தல் நலம், ஏனெனில் கிள்ளான் தெங்கு கிளானா சாலையில் எந்தக் கடை எந்த ஆண்டில் இருந்தது என்பதைத் தேடுபவருக்கு அவ்விளம்பரங்களே சான்று.

ஆண்டைக் கணிப்பதிலும் உட்பக்க முன்னோட்டத்துக்குத் தனிப் பயன் உண்டு. பழைய தமிழ் வெளியீடுகள் சிலவற்றில் ஆங்கில ஆண்டுக்குப் பதிலாகத் தமிழ் ஆண்டின் பெயர் மட்டுமே அச்சிடப்பட்டுள்ளது. அறுபது ஆண்டுச் சுழற்சியில் குரோதன ஆண்டு 1925இலும் வரும், 1985இலும் வரும். அட்டைப் படம் இதைத் தீர்க்காது. தமிழ்நாட்டு அரசு 1978இல் நடைமுறைப்படுத்திய எழுத்துச் சீர்திருத்தம் அதன் பின்னரே மலேசிய அச்சுக்கும் வந்தமையால், ணை, னை, லை, றா முதலிய எழுத்துகள் பழைய வடிவில் உள்ளனவா என்பதை ஓர் உட்பக்கத்தில் பார்த்த மாத்திரத்தில் வெளியீட்டின் காலத்தை வாசகர் பெரும்பாலும் ஊகித்துவிடலாம்.

இதுவரை சொன்னவை கண்ணால் பார்க்கும் முன்னோட்டம் பற்றியவை. கோப்பினுள் சொல்லைத் தேடி, அச்சொல் வரும் வரியை மட்டும் காட்டும் வகை மற்றொன்று. கூகல் நூல்தேடல் இதைத் துணுக்குக் காட்சி என்ற முறையில் பரவலாக்கியது. அது நியாயமான பயன்பாடே என்று அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் 2015இல் தீர்ப்பளித்தது. ஆங்கில நூல்களில் பெருமளவு நேரத்தை மிச்சப்படுத்தும் இம்முறை, தமிழில் இரண்டு தடைகளைச் சந்திக்கிறது. முதலாவது, வருடிய பக்கத்தைப் படித்து எழுத்தாக மாற்றும் எழுத்துணரியின் பிழைகள். பழைய எழுத்து வடிவங்களும் மங்கிய அச்சும் சேரும்போது இப்பிழைகள் பெருகுகின்றன. இரண்டாவது, கணினியிலேயே உருவான கோப்புகளின் எழுத்துருச் சிக்கல். இத்துறையில் மலேசியாவின் பங்கு முன்னோடியானது. கோலாலம்பூரைச் சேர்ந்த முத்து நெடுமாறன் 1985இல் தொடங்கிய முரசு மென்பொருளும், பின்னர் 2001இல் கோலாலம்பூரில் நடைபெற்ற தமிழ் இணைய மாநாடும் அதற்குச் சான்று. யூனிகோட் தரத்தில் தமிழுக்கு 1991இலேயே இடம் கிடைத்துவிட்ட போதிலும், அச்சகங்களும் சங்கங்களும் நெடுங்காலம் தத்தம் எழுத்துருக் குறியேற்றங்களிலேயே மலர்களையும் நூல்களையும் தயாரித்தன. அக்கோப்புகள் திரையில் அழகாகத் தெரிந்தாலும், அவற்றினுள் இருப்பவை கணினியின் கணக்கில் உரோமன் எழுத்துகளும் குறியீடுகளும்தான். ஆகவே ‘கிள்ளான்’ என்று தேடினால் ஒன்றும் அகப்படாது.

யூனிகோடில் உருவான பி.டி.எப். கோப்பிலும் சிக்கல் முற்றிலும் நீங்குவதில்லை. ‘கொ’ என்னும் எழுத்து யூனிகோடில் ககரத்தை முன்னும் உயிர்க்குறியைப் பின்னும் கொண்டு சேமிக்கப்படுகிறது. ஆனால் தாளில் வரையும்போது கொம்பு முதலிலும் ககரம் நடுவிலும் கால் இறுதியிலும் வருகின்றன. பி.டி.எப். கோப்பு வரையும் வரிசையை வைத்துக்கொள்வதால், அதிலிருந்து எடுக்கப்படும் உரையில் கொம்பு தனித்து முன்னே நிற்க, சொல் உருக்குலைந்து தேடலுக்கு அகப்படாமல் போகிறது. மூலக் கோப்பின் உரையைத் தனியே சேமித்து அதையே தேடலுக்குத் தரும் நூலகங்கள் இத்தொல்லையிலிருந்து தப்புகின்றன. 1998இல் தொடங்கிய மதுரைத் திட்டம், பக்கப் படங்களை நம்பாமல் நூல்களைத் தட்டச்சு உரையாகவே வழங்கிவருவதன் நன்மை இங்கே வெளிப்படுகிறது.

பல்கலைக்கழகக் களஞ்சியங்கள் ஒப்பீட்டளவில் ஒழுங்கானவை. மலாயாப் பல்கலைக்கழகத்தின் மாணவர் ஆய்வேட்டுக் களஞ்சியத்தில் ஆய்வேட்டின் சுருக்கம் முதலில் கிடைக்கிறது. சுருக்கத்தைப் படித்த பின் பதிவிறக்க வேண்டிய கட்டாயமே பல வேளைகளில் நீங்கிவிடுகிறது. தேசிய ஆவணக் காப்பகத்தின் நிலை மாறுபட்டது. அதன் இயங்கலைத் தேடுபட்டியலில் சிலாங்கூர்ச் செயலகக் கோப்புகள் போன்ற குடியேற்றக் கால ஆவணங்களின் தலைப்பும் வரவு எண்ணும் தரப்படுகின்றன. கோப்பின் உள்ளே ஒரே ஒரு குறிப்புத்தாள் உள்ளதா, ஆலய நிலத்துக்காக ஊரார் கொடுத்த மனு முழுமையாக உள்ளதா என்பதை ஆங்கிலத் தலைப்பின் ஒற்றை வரியிலிருந்து அறிய இயலாது. அங்கே பக்கப் படம் ஒன்றையும் காட்டாவிட்டாலும் பரவாயில்லை. கோப்பில் எத்தனை தாள்கள் உள்ளன, எம்மொழித் தாள்கள் உள்ளன என்னும் இரு தகவல்களைச் சேர்த்தால் காப்பகம் வரை சென்று வரும் வாசகருக்கு அரைநாள் மிச்சமாகும்.

சிங்கப்பூர் இதில் முன்னேறியிருக்கிறது. 1965 முதல் 2015 வரையிலான சிங்கப்பூர்த் தமிழ் இலக்கிய நூல்களை மின்வடிவாக்கி 2015இல் வெளியிட்ட தமிழ் மின்மரபுடைமைத் திட்டமும், பழைய தமிழ் முரசு பக்கங்களை உள்ளடக்கிய செய்தித்தாள் களஞ்சியமும் மலேசிய ஆய்வாளருக்கும் பயன்படுகின்றன. இரு நாடுகளின் தமிழ் எழுத்துலகம் 1965 வரை பிரிக்கப்படாததாகவே இருந்தது. ஆயினும் அக்களஞ்சியத்தின் ஒரு பகுதியை நூலகக் கட்டடத்தினுள் உள்ள கணினிகளில் மட்டுமே முழுமையாகக் காணலாம் என்ற வரையறை இருக்கிறது. கோலாலம்பூர் வாசகருக்கு அங்கே முன்னோட்டம் மிச்சப்படுத்துவது நிமிடங்களை அன்று, 350 கிலோமீட்டர்ப் பயணத்தை. மறுபுறம், 1924இல் தொடங்கி 2019 ஜனவரியுடன் நின்றுபோன கோலாலம்பூரின் ‘தமிழ் நேசன்’ போன்ற நாளிதழ்களுக்கு எத்தகைய முன்னோட்டம் பொருந்தும் என்பது தனிக் கேள்வி. ஆண்டுக்கு 300 இதழ், இதழுக்கு 8 பக்கம் என்று கொண்டால் பத்தாண்டுகளில் 24,000 பக்கங்கள் சேர்கின்றன. ஒவ்வொரு செய்தியின் தலைப்பையும் தட்டச்சு செய்வது எளிதில் ஆகாத வேலை. இங்கே மட்டும் சிறுபட வரிசை உண்மையாகவே உதவுகிறது: நாளிதழின் பக்க அமைப்பைக் கண்டதும் தலையங்கப் பக்கம் எது, ஞாயிறு இணைப்பு எது என்று பழகிய கண் பிரித்துவிடும்.

ஆய்வாளர்களைவிட எண்ணிக்கையில் பெரிய மற்றொரு கூட்டம் தமிழ்ப்பள்ளி ஆசிரியர்கள். பயிற்றிகள், தேர்வுத் தாள்கள், நாள் பாடத்திட்டங்கள் ஆகியவை புலனத்திலும் (வாட்ஸ்அப்) தொலைவரியிலும் (டெலிகிராம்) கூகல் இயக்ககத்திலும் கைமாறுகின்றன; கல்வி அமைச்சு 2020இல் தொடங்கிய டெலிமா தளமும் உண்டு. ‘தமிழ்மொழி ஆண்டு 4’ என்ற பெயரில் வரும் கோப்பு, 2011இல் அறிமுகமான பாடத்திட்டத்துக்குரியதா, 2017 முதல் படிப்படியாக வந்த சீராய்வுப் பாடத்திட்டத்துக்குரியதா என்பதை அட்டையும் உள்ளடக்கத் தரக் குறியீடுகளும் தென்படும் பக்கம்தான் காட்டிக்கொடுக்கும். வேர்டு கோப்புகளில், எழுத்துரு கோப்பினுள் பொதியப்படாவிட்டால், இயக்ககத்தின் முன்னோட்டம் பொருளற்ற குறிகளைக் காட்ட, நல்ல கோப்பையும் பழுதானது என்று எண்ணி ஆசிரியர் ஒதுக்கிவிடுவார். பகிர்பவர் பி.டி.எப். படி ஒன்றையும் உடன் வைத்தால் இது நேராது.

பிரிக்பீல்ட்ஸ் வட்டாரம் இவ்வாய்வில் மற்றொரு காரணத்தாலும் நினைவுக்கு வர வேண்டும். 1951இல் அமைக்கப்பட்ட மலேசியப் பார்வையற்றோர் சங்கத்தின் தலைமையகம் அங்குதான் உள்ளது. திரையிலுள்ளதை ஒலியாக்கித் தரும் திரைப்படிப்பானை நம்பியிருக்கும் வாசகருக்குப் பக்கப் படமும் சிறுபடமும் வெறும் மௌனமே. எத்துணைக் கூர்மையான வருடலாக இருப்பினும் அதில் கேட்பதற்கு ஒன்றுமில்லை. தட்டச்சு செய்த பொருளடக்கம் மட்டுமே அவருக்கு முன்னோட்டம். அதுவும் மேலிருந்து கீழாக, ஒவ்வொரு வரியாக வாசிக்கப்படுவதால், முதன்மையான தலைப்புகளை முன்னே வைப்பதும் கோப்பின் அளவையும் வகையையும் தொடக்கத்திலேயே சொல்வதும் கண்பார்வையுள்ளோருக்கு வசதியாகவும், இவருக்கு இன்றியமையாததாகவும் அமைகின்றன.

எவ்வளவு காட்டலாம் என்ற கேள்வி காப்புரிமையோடு பிணைந்தது. மலேசியாவின் 1987ஆம் ஆண்டுக் காப்புரிமைச் சட்டம் ஆசிரியர் மறைந்த பின் 50 ஆண்டுகள் வரை உரிமையைக் காக்கிறது. இந்தியாவில் இது 60, இலங்கையிலும் சிங்கப்பூரிலும் 70. ஆகவே ஒரே எழுத்தாளரின் நூலைக் கோலாலம்பூரில் முழுமையாகத் தரலாம், சிங்கப்பூரில் முன்னோட்டமாக மட்டுமே தரலாம் என்ற நிலை நிலவும் காலம் ஒன்று இடையில் வருகிறது. உரிமை உயிருடன் உள்ள நூல்களுக்குச் சட்டம் பக்க எண்ணிக்கை எதையும் வரையறுக்கவில்லை. நியாயமான பயன்பாட்டை எடைபோடும்போது, எடுத்தாளப்பட்ட பகுதி முழுப் படைப்பில் எவ்வளவு, அது எத்தகைய பகுதி, நூலின் விற்பனையை அது பாதிக்குமா என்பவை கருதப்படுகின்றன. தலைப்புப் பக்கத்தையும் பொருளடக்கத்தையும் காட்டுவதால் எந்த நாவலாசிரியரும் ஒரு படியை இழக்கப் போவதில்லை. கவிதைத் தொகுப்பின் நிலை அதுவன்று. ஒரு பக்கத்தைக் காட்டினால் ஒரு கவிதை முழுமையாகப் போய்விடுகிறது, ஐந்து பக்கத்தைக் காட்டினால் தொகுப்பின் சிறந்த பகுதியே போய்விடக்கூடும். எல்லா நூலுக்கும் பத்துப் பக்கம் என்று மென்பொருளில் அமைத்துவிட்ட நூலகம், மலரில் வாழ்த்துரையைக் காட்டி வாசகரை ஏமாற்றும் அதே விதியால், கவிதை நூலில் கவிஞருக்கு இழப்பை உண்டாக்குகிறது.